17ஆம் எண்ணிலிருந்து ஒரு மடல்

கல்வி உதவித்தொகை வழங்கும் அறக்கட்டளைகளின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம்.

போன மாதம் உங்களில் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, ஆண்டு விழாவுக்குச் சிறப்பு விருந்தினராக வர முடியுமா என்று கேட்டார். "நீங்களே உதவித்தொகையில் படிச்சு மேல வந்தவர். நீங்க வந்து நாலு வார்த்தை பேசினா பிள்ளைகளுக்கு ஒரு உற்சாகம்" என்றார். மரியாதையாகத்தான் கேட்டார். அன்றைக்கு வேறு வேலை இருக்கிறது என்று சொல்லித் தப்பித்துக்கொண்டேன். வேலை எதுவும் இல்லை. அந்தப் பொய் உறுத்திக்கொண்டே இருந்ததால்தான் இதை எழுதுகிறேன். அவருக்கு மட்டும் எழுதியிருக்கலாம். ஆனால் நான் சொல்ல வருவது ஏதோ ஓர் அமைப்பின் குறை இல்லை. இந்த விழாக்கள் எங்கே நடந்தாலும் ஒரே அச்சில்தான் இருக்கின்றன.

நான் மேடையேறிய நாளைச் சொல்கிறேன். சட்டையில் 17 என்று எழுதிய அட்டையைக் குத்தியிருந்தார்கள். இடப்பக்கப் படியில் ஏற வேண்டும், நடுவில் நின்று கேமராவைப் பார்க்க வேண்டும், வலப்பக்கப் படியில் இறங்க வேண்டும். காலை முழுக்க இதற்கு ஒத்திகை. காசோலையைப் பெரிய அட்டையில் எழுதி வைத்திருந்தார்கள். என் உயரத்தில் பாதி இருக்கும். முப்பது பேருக்கும் அந்த ஒரே அட்டைதான். 16ஆம் எண்காரன் படமெடுத்து முடித்ததும் அவன் கையிலிருந்து அதை வாங்கி என்னிடம் கொடுத்தார்கள். என்னிடமிருந்து அது 18க்குப் போனது. பெயர் எழுத வேண்டிய இடம் காலியாக இருந்ததால், படத்தில் தெரியாதபடி விரலால் மறைத்துக்கொள்ளச் சொன்னார் ஒரு தொண்டர். மறைத்துக்கொண்டேன். புகைப்படக்காரர் "சிரி தம்பி, சிரி, பல்லு தெரியட்டும்" என்றார். பல்லும் தெரிந்தது.

பணம் கொடுத்த பெரியவர் என் பக்கத்தில் நின்றார். அவர் கை என் தோள்மேல், கண் கேமராமேல். என் கண் மூன்றாவது வரிசையில் இருந்தது. கைதட்டுவதற்காக எங்கள் வகுப்பையே அழைத்து வந்து அங்கே உட்கார வைத்திருந்தார்கள். எங்கள் வீட்டு நிலைமை அன்றைக்குக் காலைவரை அவர்களில் யாருக்கும் தெரியாது.

நன்றிக் கடிதத்தை அதற்கு ஒரு வாரம் முன்பே எழுதி வாங்கிவிட்டார்கள். கரும்பலகையில் ஒருவர் எழுதிப்போட நாங்கள் பார்த்து எழுதினோம். "தங்கள் கருணையால் என் வாழ்வில் ஒளி பிறந்தது" என்று ஒரு வரி இன்னமும் நினைவிருக்கிறது. பணம் வந்தது விழா முடிந்து ஒரு மாதம் கழித்து. ஒளி முந்திக்கொண்டது.

அந்தப் பணத்தில்தான் படித்தேன். அது வந்திருக்காவிட்டால் என் படிப்பு அங்கேயே நின்றிருக்கும். இதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. அதனால் தருமமே வேஷம், கொடுப்பவர்கள் எல்லாரும் பெயருக்கு அலைபவர்கள் என்று நான் சொல்வேன் என எதிர்பார்த்தால் ஏமாந்துபோவீர்கள். உங்கள் பொருளாளர்கள் இருவரிடம் இதைப் பற்றிப் பேசியிருக்கிறேன். "போட்டோ இல்லேன்னா அடுத்த வருஷம் பணம் வராது சார்" என்றார் ஒருவர், ஒளிவுமறைவே இல்லாமல். அவர் சொல்வது உண்மை. புகழுக்காகக் கொடுத்த பணத்திலும் கல்லூரிக் கட்டணம் கட்டலாம், ரசீது ஒன்றேதான். கர்ணனே கவச குண்டலங்களை அறுத்துக் கொடுக்கப்போகும் முன், தடுத்த சூரியனிடம் உயிரைவிடத் தனக்குப் புகழ் பெரிது என்றுதான் சொல்கிறான். கொடுக்கிறவருக்குள்ளே ஓர் இதமான கதகதப்பு பிறக்கிறது, அதற்காகவும் மனிதர்கள் கொடுக்கிறார்கள் என்று பொருளியலாளர் ஜேம்ஸ் ஆண்ட்ரியோனி 1990இல் கணக்குப் போட்டு எழுதினார். அது குற்றச்சாட்டு இல்லை, கண்டதைச் சொன்னார். மனம் சுத்தமான பிறகுதான் கொடுக்கலாம் என்று சட்டம் போட்டிருந்தால் நான் எட்டாம் வகுப்பைத் தாண்டியிருக்க மாட்டேன்.

வள்ளுவர் இதைச் சுற்றி வளைக்காமல் சொல்லியிருக்கிறார். இரப்பது மட்டுமல்ல, பிறர் நம்மிடம் வந்து இரப்பதும் துன்பம்தான், கேட்டவரின் இன்முகத்தைப் பார்க்கும்வரை, என்கிறது 224ஆம் குறள். கொடுக்கிறவருக்கும் ஒரு தவிப்பு இருக்கிறது, வாங்கியவர் முகம் மலர்ந்தால்தான் அது அடங்குகிறது. அந்த முகத்தை நீங்கள் ஆசைப்படுவதில் தப்பே இல்லை. ஒத்திகை பார்த்து வரவழைத்த முகத்தை வைத்துக்கொண்டு அந்தத் தவிப்பு எப்படி அடங்குகிறது என்பதுதான் எனக்குப் புரியவில்லை.

எனக்கு உங்கள் நோக்கத்தோடு சண்டை இல்லை. கொடுத்து முடித்த பிறகு என்ன நடக்கிறது என்பதைத்தான் நீங்கள் யாரும் வந்து பார்ப்பதில்லை.

வேலைக்குச் சேர்ந்து ஏழெட்டு மாதச் சம்பளத்தில் சேர்த்து, அந்தப் பெரியவர் எனக்குக் கொடுத்த தொகையை ஒரு உறையில் போட்டு எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். வழியெல்லாம் என்ன பேசுவது என்று மனசுக்குள் ஓட்டிப் பார்த்தேன். உறையை நீட்டியதும் வாய்விட்டுச் சிரித்தார். "உன்கிட்ட திரும்ப வாங்கவா கொடுத்தேன்? உள்ள வை, உள்ள வை." உள்ளே திரும்பி வீட்டிலிருந்தவர்களைக் கூப்பிட்டார். "பாத்தீங்களா? நம்ம பையன். திருப்பிக் குடுக்க வந்திருக்கான்." எல்லாரும் வந்து பார்த்தார்கள். நல்லவிதமாகத்தான் பார்த்தார்கள். உறையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டேன். 17ஆம் எண் அட்டையை யாரோ மறுபடி சட்டையில் குத்தியது போல இருந்தது.

அவர் பெருந்தன்மையாகத்தான் நடந்துகொண்டார், யாரைக் கேட்டாலும் அப்படித்தான் சொல்வார்கள். எனக்கோ, அந்த ஒரு வாசல்தான் இருந்தது, அதையும் அவர் சாத்திவிட்டார். கடன் என்றால் அடைத்துவிடலாம், வட்டியோடு அடைத்துவிட்டு நிமிர்ந்து நடக்கலாம். அடைக்க முடியாத உதவியை என்ன செய்வது? கொடுப்பது, மறுக்காமல் பெறுவது, திருப்பித் தருவது என்று மூன்று கடமைகள் ஒவ்வொரு பரிசோடும் கட்டிப்போடப்பட்டே வருகின்றன என்று பிரெஞ்சு மானுடவியலாளர் மார்சல் மோஸ் 1925இல் எழுதினார். ஜெர்மன் மொழியில் 'கிஃப்ட்' என்ற சொல்லுக்கு இன்று விஷம் என்று பொருள், பழைய வழக்கில் அது கொடையையும் குறித்தது. அவர் இதைக்கூட விடாமல் கவனித்திருக்கிறார்.

நம் கைக்கு எட்டுகிற உதாரணம் கர்ணன்தான், ஆனால் கொடுத்த கர்ணன் அல்ல, வாங்கிய கர்ணன். அரங்கேற்றக் களத்தில் "நீ எந்தக் குலம்?" என்று கேட்டு அவனைத் தலைகுனிய வைத்தபோது, துரியோதனன் எழுந்து அந்த இடத்திலேயே அங்க நாட்டைக் கொடுத்து அரசனாக்கினான். அர்ச்சுனனுக்கு எதிராக நிறுத்த அவனுக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது, அதுவும் உண்மை. சபை நடுவே தலைகுனிந்த மனிதனை அவன் ஒருவன்தான் எழுந்து காப்பாற்றினான், அதுவும் உண்மை. இந்த இரண்டையும் பிரித்தெடுக்க இத்தனை நூற்றாண்டாக யாராலும் முடியவில்லை. பதிலுக்கு என்ன தரட்டும் என்று கர்ணன் கேட்கிறான். உன் நட்பு போதும் என்கிறான் துரியோதனன். ஒரு தொகையைச் சொல்லியிருந்தால் கர்ணன் என்றைக்கோ கட்டிவிட்டுப் போயிருப்பான். அளவு சொல்லாத விலை அது. போருக்கு முன் கண்ணன் வந்து, நீ குந்தியின் மகன், பாண்டவர்களுக்கு மூத்தவன், வா என்று அழைத்தபோது அவனால் வர முடியவில்லை. எந்தப் பக்கம் தோற்கும் என்று தெரிந்தேதான் அந்தப் பக்கம் நின்றான். செஞ்சோற்றுக் கடன் என்று நாம் அதைப் பெருமையாகச் சொல்கிறோம். எனக்கு அந்தச் சொல்லைக் கேட்டால் தொண்டை அடைக்கிறது.

வாங்குகிறவனாக மட்டும் இருந்தால் இவ்வளவு தைரியமாக எழுதியிருக்க மாட்டேன். நானும் கொடுத்துக் கெட்டவன்தான்.

தூரத்துச் சொந்தத்தில் ஒரு பையனின் படிப்புச் செலவை ஏற்றுக்கொண்டேன். யாருக்கும் சொல்லவில்லை, படம் எடுக்கவில்லை, என் அனுபவம் அவனுக்கு வரக் கூடாது என்று பார்த்துப் பார்த்துச் செய்தேன். இரண்டாம் ஆண்டு நடுவில் அவன் படிப்பை விட்டுவிட்டு ஒளிப்பதிவு கற்றுக்கொள்ளப் போய்விட்டான். செய்தி கேட்டதும் அவனைக் கூப்பிட்டேன். என் வாயிலிருந்து வந்த முதல் கேள்வி, "யாரைக் கேட்டு விட்டே?"

"உங்களைக் கேக்கணுமா மாமா?" என்றான். எதிர்த்துப் பேசவில்லை. கேட்க வேண்டுமா வேண்டாமா என்று உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பிக் கேட்டான். நான் பதில் சொல்லாமல் போனை வைத்துவிட்டேன்.

மேடை இல்லை, காசோலை அட்டை இல்லை, நன்றிக் கடிதம் இல்லை. கயிறு மட்டும் என் கையில் இருந்திருக்கிறது, எனக்கே தெரியாமல். அவன் அம்மா என்னைப் பார்க்கும்போதெல்லாம் "நீங்க செஞ்ச உதவிக்கு இவன் இப்படிப் பண்ணிட்டானே" என்று தலையைக் குனிந்துகொண்டு சொல்வார். அதெல்லாம் இல்லை, விடுங்கள் என்பேன். இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன்: ஒருமுறை அவர் அதைச் சொல்ல மறந்துவிட்டார். கிளம்பும்வரை எனக்குள் ஒரு காத்திருப்பு இருந்தது. அந்தப் பையன் இப்போது நான் வருகிற விசேஷங்களுக்கு வருவதில்லை. அவனை நன்றி கெட்டவன் என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். என்னைப் பார்த்தால் அவனுக்கு எண் அட்டை ஞாபகத்துக்கு வருகிறது, அவ்வளவுதான்.

கொடுக்கிறவன் தலைக்குள் என்ன ஏறுகிறது என்பதை நன்றாகப் புரிந்துகொண்டவர்கள் தெற்கு ஆப்பிரிக்காவின் கலஹாரிப் பாலைவனத்தில் வாழ்ந்த குங் வேட்டைச் சமூகத்தார். அவர்களோடு தங்கி ஆய்வு செய்த மானுடவியலாளர் ரிச்சர்ட் லீ தனக்கு நேர்ந்ததை 1969இல் ஒரு கட்டுரையாக எழுதினார். கிறிஸ்துமஸ் விருந்துக்காக, தேடிப் பிடித்து, கொழுத்த பெரிய எருது ஒன்றை வாங்கி வைத்தார். பார்க்க வந்த ஒவ்வொருவரும் இந்த எலும்புக்கூட்டை வைத்துக்கொண்டா எங்களுக்கு விருந்து வைக்கப்போகிறாய் என்றார்கள். மனிதர் நொந்துபோனார். விருந்தன்று வெட்டிப் பார்த்தால் கொழுப்பு திரண்டு கிடக்கிறது. வயிறு நிறையச் சாப்பிட்டார்கள், சாப்பிட்டுக்கொண்டும் சிரித்தார்கள். பிறகு காரணத்தை விசாரித்தார். பெரிய இரையோடு வரும் தங்கள் சொந்த வேட்டைக்காரனையும் இப்படித்தான் மட்டம் தட்டுவோம் என்றார்கள். பாராட்டினால் அவன் தன்னைத் தலைவன் என்றும் மற்றவர்களைத் தனக்குக் கீழே என்றும் நினைக்க ஆரம்பித்துவிடுவான், ஒருநாள் அந்தத் திமிரில் யாரையாவது கொன்றும் விடுவான். அவன் நெஞ்சைக் குளிர வைக்கத்தான் இறைச்சியைக் குறை சொல்கிறோம் என்றார்கள்.

உங்கள் விழாவில் பிள்ளைகளை எருதைப் பழிக்கச் சொல்லவில்லை. "இந்தப் பணம் பத்தாது ஐயா, விடுதிக் கட்டணத்துக்கே சரியாப்போச்சு" என்று ஒரு பிள்ளை மேடையில் சொன்னால் என்ன நடக்கும் என்று யோசித்துப் பாருங்கள். அடுத்த ஆண்டு அதன் பெயர் பட்டியலில் இருக்குமா?

அப்படியானால் யார் கொடுத்தது என்றே தெரியாமல் வங்கிக் கணக்கில் போட்டுவிட்டால் போயிற்று என்பீர்கள். சில அமைப்புகள் இப்போது அப்படித்தான் செய்கின்றன. மேடையைவிட ஆயிரம் மடங்கு மேல். ஆனாலும் அதிலும் ஒரு குறை இருக்கிறது, அதைப் புறநானூற்றுக் காலத்திலேயே பெருஞ்சித்திரனார் சொல்லிவிட்டார். மலைகளைக் கடந்து அதியமான் நெடுமான் அஞ்சியைத் தேடி வருகிறார். அவன் நேரில் பார்க்காமலே, இதை வாங்கிக்கொண்டு போகட்டும் என்று பரிசை அனுப்பி வைக்கிறான். வறுமையில் இருந்த புலவர் வாங்க மறுக்கிறார். என்னைக் காணாமல் கொடுத்த இந்தப் பொருளுக்கு நான் "வாணிகப் பரிசிலன் அல்லேன்", வியாபாரியைப் போலப் பரிசு வாங்கிப் போகிறவன் அல்ல, என்கிறார் 208ஆம் பாட்டில். என் தரம் அறிந்து கொடுத்தால் தினையளவும் எனக்கு இனிதுதான் என்கிறார். கொடை சிறிது என்று அவர் கோபப்படவில்லை. தன்னை யார் என்று பார்க்கவில்லையே என்றுதான்.

மேடையில் என்னை ஊரே பார்த்தது, கொடுத்தவர் பார்க்கவில்லை. வங்கிக் கணக்கில் யாருமே பார்ப்பதில்லை.

என்ன செய்யலாம் என்பதற்கு எனக்குக் கிடைத்த பதில் அதே பெரியவரிடமிருந்து வந்தது. உறையைத் திருப்பி அனுப்பிப் பல ஆண்டுகள் கழித்து ஒருநாள் அழைத்தார். குரல் தளர்ந்திருந்தது. மருத்துவமனைச் செலவைக் காப்பீட்டில் வாங்க வேண்டும், படிவத்தை இரண்டு முறை திருப்பி அனுப்பிவிட்டார்கள், கண் வேறு சரியாகத் தெரியவில்லை, "உனக்கு நேரம் இருக்குமா தம்பி?" தயங்கித் தயங்கித்தான் கேட்டார். அவர் குரலில் அந்தத் தயக்கத்தை நான் அதற்கு முன் கேட்டதே இல்லை.

போனேன். அவர் மேசையில் எதிரெதிராக இரண்டு மணி நேரம் உட்கார்ந்தோம். ஒரு பிளாஸ்டிக் பைக்குள்ளிருந்து மருந்துச் சீட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து நீட்டி "இது வேணுமா? இது?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். தேதி வாரியாக அடுக்கினேன். ஒரு ரசீது காணாமல் அவருக்குப் படபடப்பு வந்துவிட்டது, கடைசியில் கண்ணாடிக் கூட்டுக்குள் மடித்து வைத்திருந்தார். கையெழுத்துப் போடுகிற இடம் அவருக்குத் தெரியவில்லை, பேனா காகிதத்தின் மேல் அலைந்தது. கோட்டுக்கு அடியில் என் விரலை வைத்துக் காட்டினேன். விரல்மேல் பேனா முனை பட்டது, அங்கிருந்து பிடித்துக்கொண்டு எழுதினார்.

"நீ இல்லேன்னா இது நடந்திருக்காது" என்றார். இதுக்கெல்லாம் என்ன ஐயா என்று சொல்ல வாயெடுத்தேன். அவர் அன்று சொன்னதும் இதேதான் என்று சட்டென்று உறைத்தது. வாயை மூடிக்கொண்டேன். கையெழுத்துப் போட்ட பேனாவை மூடி என் பக்கம் தள்ளி, "இதை வெச்சுக்கோ" என்றார். வாங்கிக்கொண்டேன். அன்றைக்குத்தான் முதல்முறையாக அவர் வீட்டில் நாற்காலியில் முழுசாகச் சாய்ந்து உட்கார்ந்தேன்.

அமெரிக்க அரசியல் தலைவர் பெஞ்சமின் பிராங்க்ளினுக்கு இந்த ரகசியம் தெரிந்திருந்தது. தன்னைப் பிடிக்காத ஒரு சட்டமன்ற உறுப்பினரிடம் அரிய புத்தகம் ஒன்றை இரவல் கேட்டு வாங்கிப் படித்துத் திருப்பிக் கொடுத்தார், அதற்குப் பிறகு இருவரும் கடைசிவரை நண்பர்கள் என்று சுயசரிதையில் எழுதுகிறார். கேட்பதும் ஒரு கொடைதான், அதில் சூழ்ச்சி கலந்திருந்தாலும். பிராங்க்ளினிடம் கலந்துதான் இருந்தது.

அதனால் உங்களிடம் கேட்பது இதுதான். கொடையாளர்களைக் கொண்டாடுங்கள், மேடை போடுங்கள், படம் எடுங்கள். பிள்ளைகளை அந்தப் படத்திலிருந்து விட்டுவிடுங்கள். பணம் தருகிறவருக்குத் தன் பணம் எங்கே போனது என்று தெரிய வேண்டும்தான், அதற்குக் கணக்கைக் காட்டுங்கள். "எனக்கு ஏன் உதவ வேண்டும், 200 சொற்களில் எழுதுக" என்று விண்ணப்பத்தில் கேட்காதீர்கள். யார் தன் வீட்டுக் கஷ்டத்தை நன்றாக எழுதுகிறார்களோ அவர்களுக்குப் பணம் என்றால், அழத் தெரிந்தவன் ஜெயிப்பான். கூச்சப்பட்டு நாலு வரியில் முடித்தவன்தான் பெரும்பாலும் ரொம்பக் கஷ்டத்தில் இருப்பான். மதிப்பெண் பட்டியலும் வருமானச் சான்றும் உங்கள் கையில் இருக்கின்றன, போதாதா?

நன்றிக் கடிதத்தை நிறுத்துங்கள். அதற்குப் பதில் அவர்களிடம் வேலை கேளுங்கள், நிஜமான வேலை. கீழ் வகுப்புப் பிள்ளைக்குக் கணக்குச் சொல்லித் தருவது, புதிதாக விண்ணப்பிக்க வருகிறவர்களுக்குப் படிவம் நிரப்பித் தருவது, கண் தெரியாத ஒரு கொடையாளருக்கு ஏதாவது படித்துக் காட்டுவது. கட்டாயமாக்காதீர்கள், கட்டாயமாக்கினால் அது கூலி. படிப்பு முடிந்து எப்போதாவது திருப்பித் தர ஆசைப்பட்டால் செலுத்த ஒரு கணக்கு எண்ணைக் கொடுத்து வையுங்கள், ஆனால் ஒருபோதும் நினைவூட்டாதீர்கள். யாராவது உறையோடு வந்து நின்றால் தயவுசெய்து வாங்கிக்கொள்ளுங்கள். உள்ளே போய் எண்ணிப் பார்த்து, சரியாக இருக்கிறது என்று ரசீது போட்டுக் கொடுங்கள். படிப்பைப் பாதியில் விட்டவனை நன்றி கெட்டவன் என்று சொல்லாதீர்கள். இந்தக் கடைசி ஒன்றை உங்களுக்குச் சொல்கிற சாக்கில் எனக்கே சொல்லிக்கொள்கிறேன்.

விழாவுக்கு நான் வரவில்லை. அழைத்தவர் வருத்தப்பட வேண்டாம். ஆனால் இந்த ஆண்டு விண்ணப்பங்கள் வந்து குவிந்திருக்கும், பிரித்து அடுக்க ஆள் பத்தாது என்று தெரியும், போனில் பேசும்போது பின்னால் யாரோ அதைத்தான் புலம்பிக்கொண்டிருந்தார்கள். சனிக்கிழமைகளில் எனக்கு வேலை இல்லை. எத்தனை மணிக்கு அலுவலகம் திறப்பீர்கள் என்று சொன்னால் வந்துவிடுகிறேன். பேனா நானே கொண்டு வருகிறேன்.

இப்படிக்கு,
வரிசை எண் 17